பிறை வைத்த தொட்டில்

ஹிலாரஸ் கட்டில் காலுக்குப் பசை தடவிக்கொண்டிருந்தபோது வெனுஸ்தா கடைக்குள் வந்தாள். வழக்கம்போல மரத்தூளைக் கையால் தட்டிவிட்டுப் பலகையில் உட்கார்ந்தாள். பசை இறுகுவதற்குள் காலைத் துளையில் இறக்கியாக வேண்டும். அவன் நிமிரவில்லை.

"உங்க கட்டில்ல படுத்தா கப்பல்ல போற மாதிரி ஆடுதாம் மாமா. மீன்காரி சொல்றா."

"மீன்காரி படுத்தா கப்பலே ஆடும்."

அவள் சிரித்தாள். பிறகு மடியிலிருந்த கம்பளி நூலைத் திரும்பத் திரும்பச் சுற்றினாள்.

"வழக்கு ரோமாபுரிக்குப் போயிருச்சு மாமா. சாட்சிங்க சொல்றதைப் பலகையில எழுதி, முத்திரை வச்சு அனுப்பணுமாம். சந்தைக்கு மறுநாள் எழுத்தர் மன்றத்துக்கு வர்றார்."

வெனுஸ்தாவின் தாய் கிரெஸ்டே குளிர்காலத்தில் இறந்திருந்தாள். ஒப்பியஸ் வீட்டில் அடிமையாக இருந்து விடுதலை பெற்றவள். சாம்பலைப் புதைத்த மறுநாளே அந்த வீட்டுக் காரியக்காரன் டியோன் வந்தான். தாய் விடுதலையாவதற்கு முன்பே மகள் பிறந்துவிட்டாள், ஆகவே மகள் இப்போதைய எஜமானி ஒப்பியா அம்மாளின் அடிமை என்று சொன்னான். மறுக்க எழுத்து எதுவும் இல்லை. அந்த வீட்டுப் பெரியவர் ஒரு விருந்தின் நடுவே நண்பர்கள் முன்னால் வாயால் சொன்ன விடுதலை அது. அடுத்த ஆண்டு வந்த நிலநடுக்கத்தில் பெரியவர் போனார், விருந்துக்கு வந்தவர்களில் இரண்டு பேர் போனார்கள், மற்றவர்கள் பிறகு போனார்கள். விருந்தன்று உடைந்த சாய்மஞ்சத்துக்கு ஆப்பு அடிக்க மண்டியிட்டிருந்த தச்சன் ஹிலாரஸ் மட்டும்தான் மிச்சம்.

"மறந்துடலையே மாமா?"

"எப்படி மறக்கும். பெரியவர் உங்கம்மா கையைப் பிடிச்சு, இனிமே இவ யாருக்கும் சொந்தமில்லைன்னார். உங்கம்மா மீன் தட்டைக் கீழ போட்டுட்டா. எல்லாரும் சிரிச்சாங்க. குழம்பு என் தலையிலதான்."

"அப்ப நான்?"

"நீ வயித்துல. நாலு மாசம்."

பிரசவத்துக்கு முன்பு கிரெஸ்டே அவனிடம் ஒரு தொட்டில் செய்யச் சொன்னாள். தலைமாட்டுப் பலகையில் பிறை வேண்டும் என்றாள். சுதந்திரமாகப் பிறக்கும் பெண் குழந்தைகளின் கழுத்தில் கட்டும் பிறை. பெண்தான் பிறக்கும் என்று யார் சொன்னது என்று கேட்டதற்கு, நீ செதுக்கு, நான் பெத்துக்கிறேன் என்றாள். ஆழமாகவே வெட்டுகிறேன், உன் பேரப்பிள்ளை காலத்துக்கும் நிற்கும் என்று அவன் சொன்னான். அந்தத் தொட்டிலில்தான் வெனுஸ்தா இப்போது கம்பளி போட்டு வைத்திருந்தாள்.

"சொல்றேன்மா. பார்த்ததைத்தானே சொல்லப்போறேன்" என்றான் ஹிலாரஸ்.

மறுநாள் உச்சிவேளையில் டியோன் வந்தான். கடை ஒப்பியா அம்மாளின் வீட்டு முகப்பில் இருந்தது. மேலே பரணில் ஹிலாரஸும் மனைவி நாயிஸும் இருந்தார்கள். நாயிஸுக்கு முழங்கால் வீங்கி, ஏணி இறங்கி இரண்டு வருடம் ஆகிறது.

டியோன் பசைச் சட்டிக்குள் எட்டிப் பார்த்தான். "நாத்தம் தாங்கலண்ணே. அம்மா சாப்பாட்டு அறை வரைக்கும் வருது."

"முப்பது வருஷமா வருது."

"அதைத்தான் சொல்றாங்க. ஜூலை முதல் தேதியிலிருந்து இங்க எண்ணெய் ஜாடி அடுக்கலாமான்னு யோசிக்கிறாங்க." அவன் ஏணியைப் பிடித்து லேசாக ஆட்டிப் பார்த்தான். "அண்ணி எப்படி இருக்காங்க?"

ஹிலாரஸ் வந்து ஏணியின் மறுபக்கத்தைப் பிடித்துக்கொண்டான்.

"கிரெஸ்டே மக உன்னைத்தான் நம்பியிருக்காளாம். பெரியவர் குடிச்சா தெருநாய்க்கும் விடுதலை குடுப்பார். எந்த விருந்துல என்ன சொன்னார்னு யாருக்கு ஞாபகம்?"

"எனக்கு இருக்கு."

"இருக்கட்டும். உன்னையும் விடுதலை பண்ணினது இந்த வீடு. உன் பேருல பாதி இந்த வீட்டுப் பேரு. அதையும் ஞாபகம் வச்சுக்க." டியோன் குரலைத் தாழ்த்தினான். "என்னை முறைக்காதண்ணே. உனக்காவது பேரு குடுத்தாங்க. நான் இன்னும் அவங்க சாமான்தான். சொல்லச் சொன்னதைச் சொல்றேன்."

சந்தைக்கு மறுநாள் மன்றத்துத் தாழ்வாரத்தில் எழுத்தர் மெழுகுப் பலகையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் டியோன். வெனுஸ்தா தூரத்தில் ஒரு தூணருகே அத்திப்பழக் கூடையுடன் நின்றாள். அவள் காதுக்கு எட்டாத தூரம். ஹிலாரஸைப் பார்த்ததும் கூடையைக் கொஞ்சம் உயர்த்திக் காட்டினாள்.

"விடுதலை சொன்னப்ப நீ இருந்தியா?" என்றார் எழுத்தர்.

"இருந்தேன்."

"குழந்தை பிறந்திருந்துச்சா?"

ஹிலாரஸ் தன் கைகளைப் பார்த்தான். நக இடுக்குகளில் பசை காய்ந்திருந்தது.

"பிறந்திருந்துச்சு."

"பார்த்தியா? எங்க இருந்துச்சு?"

இப்படி ஒரு கேள்வி வரும் என்று அவன் நினைத்திருக்கவில்லை. பொய்யை ஒரு சொல்லில் முடித்துவிடலாம் என்று வந்திருந்தான். வாயில் வந்தது அவன் கை செய்த பொருள்தான்.

"தொட்டில்ல. நான் செஞ்ச தொட்டில்."

"நல்ல சாட்சி" என்று சொல்லிக்கொண்டே எழுத்தர் எழுதினார். எழுதியதைப் படித்துக் காட்டினார். ஹிலாரஸுக்கு எழுத்துத் தெரியாது. படித்தது அவன் சொன்னதைவிட ஒழுங்காக இருந்தது. விரலிலிருந்த இரும்பு மோதிரத்தை மெழுகில் அழுத்தினான். மோதிரத்தை நனைக்காததால் முதல் தடவை மெழுகு அதில் ஒட்டிக்கொண்டு வந்தது. மறுபடி அழுத்தினான்.

திரும்பும்போது வெனுஸ்தா கூடையை நீட்டினாள். "காலையில பறிச்சது மாமா. அத்தைக்கு."

அவன் வாங்கிக்கொண்டான். வாங்காமல் இருப்பதற்கு ஏதாவது சொல்ல வேண்டியிருக்கும்.

நாயிஸ் ஒரு பழத்தைப் பிளந்து, "சொல்லிட்டியா?" என்று கேட்டாள். "சொல்லிட்டேன்" என்றான். அவள் அவன் முகத்தைப் பார்த்துவிட்டுப் பழத்தைக் கூடையிலேயே திரும்ப வைத்தாள். கூடை மூன்று நாள் அங்கேயே இருந்து எறும்பு மொய்த்தது.

அதன்பின் அவன் மரம் வாங்கக் கடற்கரைப் படிகள் வழியாகச் சுற்றிப் போனான். நேர்வழியில் வெனுஸ்தாவின் தறி இருந்தது. மோதிரத்தின் வரிக்குள் மெழுகு அடைத்திருந்தது. அதைக் கழற்றி ஆணிப் பெட்டியில் போட்டுவிட்டான். ஜூலை வந்தது, எண்ணெய் ஜாடிகள் வரவில்லை. கிணற்றில் தண்ணீர் இறங்கிவிட்டதால் தெருவே குழாயடியில் நின்றது. அங்கேதான் தீர்ப்பு வந்த செய்தியைக் கேட்டான். குடம் நிறைவதற்கு முன்பே எடுத்துக்கொண்டு வந்துவிட்டான்.

ஒருநாள் காலை கடை வாசலில் வெளிச்சம் மறைந்தது. வெனுஸ்தா தலையில் தொட்டிலோடு நின்றாள். முடியைக் குட்டையாக வெட்டியிருந்தார்கள்.

தொட்டிலைத் தரையில் இறக்கினாள். "சமையற்காரிக்கு இது பத்தாம் மாசம். என் சாமானெல்லாம் இப்ப வீட்டுச் சாமான், அதனால இதையே வச்சுக்கச் சொல்லிட்டாங்க. பிறையை மட்டும் இழைச்சு எடுத்துடணுமாம். அடிமைக் குழந்தைக்கு அது எதுக்குன்னு டியோன் கேட்டார்."

"உட்காரும்மா."

"இருக்கட்டும் ஐயா. நின்னே வாங்கிட்டுப் போறேன்."

அவன் பலகையில் இருந்த மரத்தூளைத் தன் கையால் தட்டிவிட்டான். அவள் நின்ற இடத்திலேயே நின்றாள்.

ஹிலாரஸ் தொட்டிலைச் சாய்த்து முழங்காலால் அணைத்துக்கொண்டு இழைப்புளியை எடுத்தான். பதினெட்டு வருடத்தில் மரம் கறுத்திருந்தது. பிறையின் பள்ளத்தில் கம்பளிப் பிசிறு சிக்கியிருந்தது. அரை நாள் வேலை என்று நினைத்தான். இரண்டாவது இழுப்பிலேயே முனைகள் போய்விட்டன. ஐந்தாவது இழுப்பில் ஒன்றும் இல்லை. பலகை அந்த இடத்தில் மட்டும் புது மரம்போல வெளுத்திருந்தது. அவன் விரலால் தடவிப் பார்த்தான். ஆழமாக வெட்டியதாகத்தான் இத்தனை நாளும் நினைத்துக்கொண்டிருந்தான்.

வெனுஸ்தா குனிந்து, தரையில் விழுந்திருந்த சீவல்களை ஒன்றுவிடாமல் பொறுக்கித் தொட்டிலுக்குள் போட்டாள்.

"அடுப்புக்கு ஆகும்" என்றாள்.

தூக்கிவிட அவன் எழுந்தான். அதற்குள் அவள் தொட்டிலைத் தலையில் ஏற்றிக்கொண்டிருந்தாள். வாசல் மேல்கட்டை இடிக்காமல் குனிந்து, எட்டு அடி தள்ளியிருந்த அடிமைகளின் வாசலுக்குள் போனாள்.