பதினோரு மனு

முன்சீப் கோர்ட்டு வராண்டாவில் ஞானப்பூவுக்கு உட்காரவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை. இன்றைக்கு அவள் கூண்டேற வேண்டும். தரிசுப் புறம்போக்கில் முப்பத்துமூன்று வருஷமாக அவள் குடியிருக்கும் வீட்டை இடித்துவிட்டு, அந்த இடத்தில் சர்க்கார் ஏதோ குடோன் கட்டப்போகிறதாம். இத்தனை வருஷ அனுபவத்தில் இடம் எனக்கே பாத்தியம் என்று வழக்குப் போட்டிருந்தாள். தோற்றால் புல்டோசர்தான். வேறு போக்கிடம் கிடையாது.

வக்கீல் வடிவு மறுபடியும் பாடம் கேட்டாள்.

"சொல்லுங்கக்கா, நிலம் யாரோடது?"

"கவர்மென்டோடதும்மா. அதை நம்ம வாயாலயே சொல்லணுமாக்கும்?"

"சொன்னாத்தான் கேஸு நிக்கும். அவங்களோடதுன்னு தெரிஞ்சே, ஊரறிய, என் இடம்னு முப்பது வருஷத்துக்கு மேல இருந்தேன்னு சொல்லணும். வரி ரசீது இருக்கு, கரண்டு பில்லு இருக்கு, ஆக்கிரமிப்புன்னு அவங்க போட்ட அபராத ரசீது கூட இருக்கு. ஒண்ணே ஒண்ணு, எங்கயும் கெஞ்சிரக் கூடாது. இடத்தைக் குடுங்கய்யான்னு ஒரு தடவை கேட்டிருந்தாலும் போச்சு. நீங்க அவங்க தயவுல இருந்ததா ஆயிரும்."

ஞானப்பூ மெல்லக் கேட்டாள்.

"மனு குடுத்திருந்தா?"

"என்ன மனு?"

"பட்டா கேட்டு. திங்கக்கெழமை கலெக்டர் ஆபீஸ்ல வாங்குவாவள்லா, அது."

வடிவுக்கு முகம் செத்துப்போனது. "இத்தனை நாளா ஏங்கா சொல்லல?"

"நீங்க கேக்கலியேம்மா. மனு குடுக்காத சனம் நம்ம பக்கம் எங்க இருக்கு?"

அதுவும் நியாயம்தானே! தண்ணீர் வராவிட்டால் மனு, ரோடு பெயர்ந்தால் மனு, அண்ணன் தம்பி சண்டைக்கும் மனு. திங்கட்கிழமை பிறந்தால் மரத்தடியில் எழுதுகிறவருக்குக் கை ஓயாது. கையெழுத்துப் போட்டுக் கும்பிட்டுக் கொடுத்துவிட்டு வருவது ஒரு குற்றமாகும் என்று எந்தப் படுபாவி கண்டான்?

"எத்தனை குடுத்தீங்க?"

"பதினொண்ணு."

"அடக் கடவுளே! பதில் ஏதும் வந்துச்சா?"

"ஒரு மண்ணும் வரலை. போய்க் கேட்டா, அப்படி ஒரு மனுவே இல்லைன்னு எரிஞ்சு விழுவாவ."

வடிவு கொஞ்சம் மூச்சு விட்டாள். "அப்போ தொலைச்சிருப்பாங்க. நீங்களா வாயைத் திறக்காதீங்க. கேட்டாப் பொய்யும் சொல்லாதீங்க. கேக்காம இருக்கணும்னு கும்பிட்டுக்கோங்க."

ஏசப்பா, அந்தக் காகிதமெல்லாம் கரையான் தின்னிருக்கட்டும் என்று ஞானப்பூ வேண்டிக்கொண்டாள். அதில் ஒரு மனுவுக்காகக் காய்ச்சலோடு மூன்று பஸ் மாறிப் போனவள் அவள். உள்ளே அவள் பெயரைக் கூப்பிட்டார்கள்.

கூண்டில் ஏறினாள். வடிவு கேட்டதற்கெல்லாம் சொன்னபடியே பதில் சொன்னாள். பிறகு சர்க்கார் வக்கீல் எழுந்தார். நல்ல மனுஷர்தான், அதட்டவில்லை. மேஜையிலிருந்த காகிதக் கட்டை அவிழ்த்து, ஒன்று முதல் பதினொன்று வரை நம்பர் போட்டு அடுக்கியிருந்த தாள்களை எடுத்தார். முதல் தாளை அவளிடம் நீட்டினார்.

"இது உங்க கையெழுத்தாம்மா?"

கோணல்மாணலாக அவள் பெயர். ஓரம்கூட மடங்கவில்லை. ஞானப்பூவுக்குப் பயம் போய் ஆத்திரம் பொங்கியது.

"இது பத்திரமாத்தான் இருந்துச்சா, ஐயா? நான் நாயா அலைஞ்சப்போ இல்லவே இல்லைன்னு சொன்னாவளே!"

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லுங்கம்மா," என்றார் நீதிபதி. "நீங்க குடுத்ததுதானா?"

வடிவு குனிந்த தலை நிமிரவில்லை.

"நாந்தான்யா குடுத்தேன். பதினொண்ணும் நாந்தான் குடுத்தேன்."