கொளஞ்சியம்மாளின் டெபாசிட்

வெள்ளாற்று வங்கியின் ஆண்டுப் பொதுக்கூட்டத்தில் தீர்மானத்தை முன்மொழிவது எப்போதும் பழைய பங்குதாரர் சுப்பராயலுதான். சிதம்பரம் கல்யாண மண்டபத்தில் அவர் எழுந்து நின்றாலே கைதட்டல், பொன்னாடை, பிறகு கேசரி. அதற்கு மேல் அவர் அந்த வங்கியிடம் எதையும் கேட்டதில்லை.

இந்த வருஷம் வங்கி, பழைய பங்குதாரர்களிடமே மறுபடியும் புதுப் பங்கு விற்கத் தீர்மானம் கொண்டுவர இருந்தது. அதை வாங்க, புவனகிரி மனையை விற்பதென்று முடிவுகட்டிவிட்டார். அந்த மனையில் வீடு கட்டத்தான் மருமகள் இளமதியும் அவள் புருஷனும் கடலூரில் ஒற்றை அறை வாடகை வீட்டில் வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிக் காலம் தள்ளினார்கள். மனை போகும் சேதி இளமதிக்கு எட்டியது. அழுது ஆகப்போவது ஒன்றுமில்லை, கணக்கோடுதான் போகவேண்டும்.

வங்கியின் பழைய ஆண்டறிக்கைகளைக் கணினியில் இறக்கி, ஞாயிறு முழுக்க உட்கார்ந்தாள். கிளைகள் பெருகியிருந்தன, லாபமும் பெருகியிருந்தது. ஆனால் புதுப் பங்கு விற்று விற்று, அந்த லாபத்தைப் பிரித்துக்கொள்ளும் பங்குகள் அதைவிட வேகமாகப் பெருகியிருந்தன. சோறு இரண்டு மடங்கானபோது பந்தியில் ஆள் மூன்று மடங்கு.

மறுவாரமே சிதம்பரத்தில் மாமனார் வீட்டுக்கு பஸ் ஏறினாள்.

"பேங்க் வளந்திருக்கு மாமா. ஒங்க பங்குதான் வளரல."

"என்னம்மா பேசுற? வடலூர்ல பிராஞ்ச், கம்மாபுரத்துல பிராஞ்ச். மொதல்லல்லாம் கூட்டத்துக்குப் போனா ஒரு டம்ளர் குடுப்பான். போன வருஷம் ஹாட்பாக்ஸ் குடுத்தான். இதுக்கு மேல என்ன வளர்ச்சி?"

இளமதிக்குச் சிரிப்பும் வந்தது, கோபமும் வந்தது. இவரைச் சொல்லி என்ன, அந்த மண்டபமே பாத்திரத்தை வைத்துத்தான் வங்கியை எடைபோட்டது.

"அத்தைய எடுத்துக்குங்க," என்றாள் விடாமல்.

அந்த வீட்டில் ஒரு வழக்கம் இருந்தது. சுப்பராயலு பங்கில் பணம் போடும்போதெல்லாம் அதே தொகையை அதே வங்கியில் மனைவி கொளஞ்சியம்மாள் பேரில் டெபாசிட் போட்டாக வேண்டும். போடாத நாளில் அடுப்பு எரியாது.

"ஒரே நாளு, ஒரே தொகை. ஒங்க பங்கோட இன்னிக்கு வெலை, வந்த டிவிடெண்ட் எல்லாத்தையும் கூட்டிட்டேன். அத்தையோடதுல பாதிகூட வரல மாமா."

உள்ளே முறுக்கு பிழிந்துகொண்டிருந்த கொளஞ்சியம்மாள் கையை நிறுத்தினாள். சுப்பராயலு துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார். கூட்டத்தன்று சாயங்காலம் மனைக்கு அட்வான்ஸ் வாங்குவதாக இருந்த பேச்சை அவர் மாற்றவில்லை.

கூட்டத்துக்கு மாமியாரும் மருமகளும் கூடவே போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். பங்கு இல்லாத இளமதிக்கு அங்கே பேச உரிமையில்லை. தலைவர் கிளைகளின் பெருமையை வாசித்து முடித்து, சுப்பராயலுவை அழைத்தார். அவர் எழுந்தார்.

"முன்மொழியறதுக்கு முன்னால ஒண்ணு கேக்கறேன்." ஒலிவாங்கியைக் கையில் வாங்கிக்கொண்டார். "எம்பொண்டாட்டியும் நானும் ஒங்ககிட்டதான் போட்டோம். அவ ஒங்களுக்குக் கடன் குடுத்தவ, நான் மொதலாளி. அவளுக்கு ஜாஸ்தி, எனக்குக் கம்மி. அது எப்படிங்க?"

தலைவர் கிளைகளின் எண்ணிக்கையைத் திரும்பவும் சொன்னார்.

"அது ஒங்க வளர்ச்சி. எங்க வளர்ச்சியச் சொல்லுங்க."

மண்டபத்தில் ஒரு கைதட்டலும் இல்லை. முன்வரிசையில் ஒருவர், "நானும் அதத்தான் கேக்கறேன்," என்று எழுந்தார். அவருக்குப் பின்னால் இன்னொருவர்.

சுப்பராயலு முன்மொழியவில்லை. நின்ற இடத்திலேயே போனை எடுத்து, மனை கேட்டிருந்த திருநாவுக்கரசுவைக் கூப்பிட்டார். பதற்றத்தில் ஒலிவாங்கியை அணைக்க மறந்துவிட்டதால் மண்டபம் முழுக்கக் கேட்டது.

"மனைய விக்கல, வராதீங்க. அங்க எம்மருமவ வீடு கட்டப்போறா."