அரை மணி நேர அமைதி

கல் அறுக்கிறவர் இயந்திரத்தை நிறுத்துவதாக இல்லை. காதில் பஞ்சு, முகமெல்லாம் வெள்ளைத் தூசி. எதிரே நின்று கையை ஆட்டிக்கொண்டிருந்த மைக் மாமாவைப் பார்த்தும் பார்க்காதவர்போல, கற்பலகையை முழுதாக இரண்டாக்கிவிட்டுத்தான் நிமிர்ந்தார்.

"அண்ணே, பக்கத்துத் தோட்டத்துல நாலு மணிக்குக் கல்யாணம். ஒரு அரை மணி நேரம் நிறுத்தி வைங்க."

"நாளைக்குக் காலையில ஒரு வீட்டுக்கு சமையல் மேடை போயாகணும். தினம் யாருக்காவது கல்யாணம்தான். நான் என்ன பண்றது?"

மைக் மாமாவுக்குக் கெஞ்சிப் பழக்கமில்லை. இருபத்தைந்து வருஷமாக விழாக்களுக்கு ஒலி அமைக்கிறவர். இன்னும் கொஞ்சம் சத்தம் கூட்டுங்கள் என்று மற்றவர்கள்தான் அவரிடம் வந்து நிற்பார்கள். ஆனாலும் வெட்கத்தை விட்டுச் சொன்னார்.

"பொண்ணு என் அக்கா மக. அக்கா ஆஸ்பத்திரியில இருக்கா. தலையில கட்டி. ஒரு காது ஏற்கெனவே போயிடுச்சு. நாளைக்கு ஆபரேஷன் பண்ணினா இன்னொண்ணும் போயிடும்னு டாக்டர் கையை விரிச்சுட்டாங்க. போன்லதான் கல்யாணத்தைக் கேக்கப் போறா."

கல் அறுக்கிறவர் ஒரு காதுப் பஞ்சை எடுத்தார். பிறகு சுவிட்சை அணைத்துவிட்டு முகம் கழுவப் போனார்.

கல்யாணத்தைத் தள்ளிவைக்கலாம் என்று எல்லோரும் சொல்லிப் பார்த்தார்கள். தள்ளினால் ஆபரேஷனுக்கே வரமாட்டேன் என்று அக்கா ஒற்றைக் காலில் நின்றாள். வீடியோவும் சேர்த்து அனுப்புகிறேன் என்று மைக் மாமா சொன்னபோது வேண்டாம் என்றாள். "கண்ணு நாளைக்கும் இருக்கும்டா. போட்டோவுல பாத்துக்கறேன். எனக்கு அவ குரல் மட்டும் தெளிவா வேணும்." அவளிடமிருந்து அவர் வாங்கிய பெரிய வேலை அதுதான்.

திறந்தவெளியில் சத்தம் எங்கிருந்து வரும் என்று சொல்ல முடியாது. அவர் காலையிலிருந்தே வேட்டையில் இருந்தார். அலங்காரத்துக்கு ஓடிய நீரூற்றை நிறுத்தச் சொன்னார். ஜெனரேட்டரைத் தள்ளிக்கொண்டுபோய்ச் சமையல்கட்டுக்குப் பின்னால் வைத்தார். சரளைக்கல் பாதையில் செருப்புகள் நறநறக்கின்றன என்று அதன்மேல் கம்பளம் விரித்தார். மைக்குகளுக்கெல்லாம் காற்று புகாத பஞ்சுத் தொப்பி. மாப்பிள்ளையின் சித்தப்பா தும்மினபோதுகூட அவரை ஒரு முறை முறைத்தார்.

இத்தனைக்குப் பிறகும் இலைகளின் சலசலப்பு மிச்சமிருந்தது. அதற்காக, போனுக்குப் போகும் வழியில் மட்டும் ஒரு நாய்ஸ் கேட் போட்டார். வாசலில் காவல்காரன் நிற்கிற மாதிரிதான் அதுவும். பலமான குரல் வந்தால் கதவைத் திறந்து விடும், மெல்லிய ஓசை வந்தால் சாத்திவிடும். எவ்வளவு பலம் என்று நாம்தான் அளவு வைக்க வேண்டும். முந்தின நாள் ஒத்திகையில் பெண் பேசியதை வைத்து அந்த அளவை வைத்திருந்தார். அவள் நீச்சல் குளத்தில் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுக்கிறவள். இந்தக் கரையிலிருந்து அதட்டினால் அந்தக் கரையில் இருக்கிறவன் காலை ஒழுங்காக உதைப்பான். அவளுக்கெல்லாம் மைக்கே அநாவசியம் என்று வீட்டில் கேலி செய்வார்கள்.

நாலு மணிக்குத் தோட்டம் அடங்கியது. கல்யாணப் பதிவாளர் பேசினார். மாப்பிள்ளை எழுதி வைத்திருந்ததைக் கணீரென்று படித்தார். ஹெட்ஃபோனில் கேட்டுக்கொண்டிருந்த மைக் மாமாவுக்குப் பரம திருப்தி. போனில் போவதும் அதே ஒலிதான்.

பிறகு பெண்ணின் முறை. அந்த இடத்தில்தான் அவர் இருபத்தைந்து வருஷத்தில் செய்யாத ஒன்றைச் செய்தார். ஹெட்ஃபோனைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். ஒலிக்காரனாக அல்லாமல் மாமனாக, சொந்தக் காதால், இதை மட்டும் கேட்க வேண்டும் போலிருந்தது. ஆசைதான், வேறென்ன.

அவள் மாப்பிள்ளையிடம் சொல்ல வேண்டியதை அடைத்த குரலில், மெல்லச் சொன்னாள். அப்புறம் மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு அம்மாவிடம் பேசினாள். குரல் இன்னும் இறங்கியது. மூன்றே வாக்கியம். பின்வரிசைக்காரர்கள் முன்னால் குனிந்து கேட்டார்கள். பெரியவர் ஒருவர் மூக்கைச் சிந்தினார். மைக் மாமாவுக்குக் கண் கலங்கி எதிரில் இருந்த விளக்குகள் எல்லாம் ஒன்றாகத் தெரிந்தன. கைதட்டல் எழுந்தது.

எல்லோரும் எழுந்து நாற்காலிகளை நகர்த்தத் தொடங்கியதும் அவர் போனை எடுத்தார்.

"அக்கா, கேட்டுச்சா?"

"ரொம்ப நல்லாக் கேட்டுச்சுடா. ஒரு துளி இரைச்சல் இல்ல. உன்னை மாதிரி வேலைக்காரன் யாருடா இருக்கா?"

அவருக்குத் திக்கென்றது. அக்கா பாராட்டுகிற ஜாதி இல்லை. அவர் முதன்முதலாகச் சொந்தமாக ஒலிபெருக்கிப் பெட்டிகள் வாங்கிக் காட்டியபோதே, இதை எங்கே வைக்கப் போறே, வீட்டுல இடம் இல்ல என்றவள். கம்ப்யூட்டர் திரையைத் திருப்பிப் பார்த்தார். போனுக்குப் போன ஒலியின் கோடுகள் வரிசையாக இருந்தன. பதிவாளரின் குரல் மேடும் பள்ளமுமாக இருந்தது. மாப்பிள்ளையின் குரலும் அப்படியே. பெண்ணின் கோடு மட்டும் இஸ்திரி போட்ட துணிபோல, ஆரம்பத்திலிருந்து கைதட்டல் வரை, மடிப்பே இல்லாமல் கிடந்தது. அடைத்த குரலை இரைச்சல் என்று நினைத்துக் காவல்காரன் கதவைச் சாத்திவிட்டான்.

"அக்கா, அவ உன்கிட்ட என்ன சொன்னா?"

"மாப்பிள்ளை நல்லாப் பேசினாரு."

"அவ என்ன சொன்னா?"

"விடுடா. கை தட்டினாங்க, அது கேட்டுச்சு. அதுவே போதும். அவகிட்ட எதுவும் சொல்லிடாதே. அழுது முகம் வீங்கிடும். போட்டோ எல்லாம் எடுக்கணும்."

அவமானத்தில் அவருக்குக் காது மடல்கள் சுட்டன. ஊரையே வாயை மூட வைத்துவிட்டு, அக்காவுக்கு அந்த ஒரு குரலையும் சேர்த்து அணைத்துவிட்டார். இனி யார் மன்னித்து என்ன?

"மாமா!" பெண் பாவாடை விளிம்பைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தாள். "அம்மா என்ன சொன்னாங்க? கேட்டுச்சுல்ல?"

கேட்டுச்சும்மா என்று சொல்ல ஒரு நொடி போதும். அக்காவே வழி செய்து கொடுத்திருக்கிறாள். யாருக்கும் நஷ்டமில்லை. அவர் வாயைத் திறந்தார்.

"இல்லம்மா. கேக்கல. நீ மெதுவாப் பேசினே, மெஷின் அடைச்சிடுச்சு. நான் பாத்திருக்கணும். ஹெட்ஃபோனைக் கழட்டி வெச்சுட்டேன்."

அவள் திட்டவில்லை. திட்டியிருந்தால் நன்றாயிருக்கும். அவர் முகத்தையும் மேஜையையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"அம்மா போனை வெச்சுட்டாங்களா?"

"இல்ல. லைன்லதான் இருக்கா."

மேஜையோடு சேர்த்துக் கட்டியிருந்த வயரைப் பிடுங்கிவிட்டுப் போனை மட்டும் எடுத்தாள். ஒலிபெருக்கிப் பெட்டிகளுக்குப் பின்னால் புல்தரையில், அத்தனை விலை கொடுத்துத் தைத்த உடுப்போடு, அப்படியே குந்தி உட்கார்ந்தாள். அதற்குள் பந்தியில் தட்டுகள் மோதத் தொடங்கிவிட்டன. யாரோ பாட்டுப் போட்டார்கள். "பொண்ணு எங்கேப்பா?" என்று போட்டோகாரர் கத்தினார். மைக் மாமா பாட்டை நிறுத்தப் போனவர் பாதியில் நின்றுவிட்டார். திரும்பி வந்து, போட்டோகாரர் கண்ணில் அவள் படாதபடி மறைத்துக்கொண்டு நின்றார்.

ஒரு வார்த்தைகூட அவருக்குக் கேட்கவில்லை. அவள் ஒரு காதைப் பொத்திக்கொண்டிருந்தாள். மேடையில் மூன்று வாக்கியம் பேசியவளின் உதடுகள் இங்கே நிற்கவே இல்லை.