மரத்துப் போன உதடு

நான் லிஃப்ட் மெக்கானிக். எதைப் பிரித்தாலும் முதலில் மின்சாரத்தை நிறுத்தி, 'தொடாதே' அட்டையை மாட்டிவிட்டுத்தான் கை வைப்பேன். மகளின் சொத்தைப் பல்லை அடைத்த டாக்டர், "ரெண்டு மணி நேரம் எதுவும் சாப்பிடக் குடுக்காதீங்க" என்றதும் அதையேதான் செய்தேன். அவர் மேற்கொண்டு ஏதோ சொன்னபோது போன் அடித்தது. எங்கேயோ லிஃப்ட் நின்றுவிட்டதாம். பேசிக்கொண்டே வெளியே வந்துவிட்டேன்.

வீட்டில் பிஸ்கட் டப்பாவைப் பரணில் ஏற்றினேன். ஃபிரிட்ஜில் என் சிவப்பு அட்டையைத் தொங்கவிட்டேன். ஆறு வயதுக்காரி அதை முறைத்துவிட்டு டிவி முன்னால் சாய்ந்தாள். என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டேன்.

கால் மணி நேரம் கழித்துப் பார்த்தால் தலையணையில் ரத்தம்.

"குட்டிம்மா, வாயைத் திற!"

எச்சிலோடு சிவப்பாக வழிந்தது. அடைத்த பல்தான் போச்சு என்று பஞ்சை அதன்மேல் அழுத்தினேன். பஞ்சு வெள்ளையாகவே இருந்தது. முகவாயில் மட்டும் ரத்தம் சொட்டியது. வேலைக்குப் போயிருந்த மனைவியிடம் சொன்னால் தொலைந்தேன். கிளினிக்குக்குப் போன் அடித்தேன்.

"உதட்டை மெல்லுறாளா பாருங்க," என்றாள் நர்ஸ். "ஊசி போட்டதுல மரத்திருக்குல்ல, கடிச்சா அவளுக்குத் தெரியாது. டாக்டர் சொன்னாரே?"

கீழுதட்டை மடக்கிப் பார்த்தேன். உள்பக்கம் நார்நாராகக் கிழிந்திருந்தது.

"ஏம்மா இப்படிக் கடிச்சே?"

"பசிச்சுதுப்பா. ஆனா நீங்க சொன்ன மாதிரி நான் ஒண்ணுமே சாப்பிடலை."

பளாரென்று அறைந்த மாதிரி இருந்தது. வீட்டிலிருந்த தீனியையெல்லாம் பூட்டி வைத்தவன், அவள் பல்லை மறந்துவிட்டேன்.

"ஈரத்துணியால ஒத்துங்க. மரப்பு விட்டதும் வாழைப்பழத்தை மசிச்சு மறுபக்கமா குடுங்க. அதுவரைக்கும் கடிக்க விடாதீங்க," என்றாள் போனில் நர்ஸ்.

குளிர்ந்த துணியால் ஒற்றியதும் ரத்தம் நின்றது. ஆனால் தாடை மறுபடியும் அசைந்தது. அதட்டினேன், கெஞ்சினேன், ஒன்றும் நடக்கவில்லை. சுருட்டிய துணியைப் பல்லிடுக்கில் வைத்தால் துப்பினாள். கடைசியில் என் சுட்டுவிரலைக் கொடுத்தேன். நறுக்கென்று கடித்தாள். உயிர் போனது, எடுக்கவில்லை. ஒரு மணி நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

திடீரென்று விரலைத் தள்ளிவிட்டு வீரிட்டாள்.

"அப்பா, உதடு எரியுது!"

"எரியுதா? நிஜமா எரியுதாம்மா?"

பிறந்த அன்றைக்கு அவள் அழுததைக் கேட்டுச் சந்தோஷப்பட்டேன். அதற்குப் பிறகு இன்றைக்குத்தான். கடிபட்ட விரலோடு வாழைப்பழத்தை மசித்தேன், அவளோடு நானும் அழுதபடி.