கவிழ்த்து வைத்த கோப்பை

கொழும்பில் பணக்காரர் குடியிருக்கும் கறுவாத்தோட்டத்துப் பங்களா ஒன்றில் வளர்ந்தவள் என்று விமலாதேவி சொல்லிக்கொள்வது பொய்யில்லை. அந்தப் பங்களாவின் குசினியில் வளர்ந்தவள் என்பதை மட்டும் சொல்வதில்லை. அம்மா அங்கே சமையல்காரி. கலியாணம் கட்டி வந்த மெல்பேர்னில் இது கணவருக்கும் தெரியாது. தாய் தகப்பன் இல்லாத பிள்ளை என்று நம்பித்தான் மனுசன் கட்டினார்.

எழுபத்தாறாம் ஆண்டு, அந்தப் பங்களா இருந்த தெருவிலிருந்து இன்னொரு தமிழ் வீட்டுக்குப் புதுப் பெண்ணாகக் கமலினி மெல்பேர்னில் வந்து இறங்கினாள். தன்னைத் தெரிந்தவளோ என்று விமலாதேவி பயந்தாள். எந்த வீடு என்று நைசாகக் கேட்டுப் பார்த்தாள். கமலினி சிரித்து மழுப்பினாள். அந்தச் சிரிப்பு இன்னும் சந்தேகத்தைக் கூட்டியது.

ஒரு சனிக்கிழமை பின்னேரம் அங்கிருந்த தமிழ் டொக்டர் ஒருவரின் மனைவி சத்தியபாமா, எல்லாரையும் கூப்பிட்டு, இரவல் வாங்கிய பழைய பிரெஞ்சு ஊமைப்படத்தைத் தன் வீட்டுச் சுவரில் ஓட்டினாள். எசமானியின் பட்டுச்சட்டைக்கு ஆசைப்பட்டு, அதைத் திருடி உடுத்திக்கொண்டு விருந்துக்குப் போகும் வேலைக்காரியின் கதை. கான்வென்டில் பிரெஞ்சு படித்த பெருமை சும்மா விடுமா? திரையில் எழுத்து வந்தபோதெல்லாம் சத்தியபாமா உரக்க மொழிபெயர்த்தாள். வேலைக்காரி பிடிபட்டதும் சனம் விழுந்து விழுந்து சிரித்தது. விமலாதேவியும் சிரித்தாள், கண் மட்டும் கமலினியில் இருந்தது. கமலினி சிரிக்கவில்லை. தன்னைத்தான் அந்த வேலைக்காரியாக நினைக்கிறாள் என்று விமலாதேவி முடிவுகட்டினாள்.

தேத்தண்ணி குடித்து முடிந்து குசினிக்குப் போன விமலாதேவி வாசலிலேயே நின்றாள். கமலினி தன் கோப்பையை மட்டும் கழுவி, மற்றவற்றோடு சேர்க்காமல், யன்னலோரம் தனியே கவிழ்த்து வைத்தாள். பங்களாக்களில் வேலைக்காரரின் கோப்பை இருக்கும் இடம் அதுதான். கமலினியின் கை தன்பாட்டில் செய்துவிட்டது.

இவளும் குசினிக்காரிதான். விமலாதேவிக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும், வந்ததோ ஆத்திரம். அந்தப் பழக்கத்தை விடத் தனக்குப் பத்து வருஷம் பிடித்தது. இவள் ஒரு நிமிஷத்தில் இரண்டு பேரையும் காட்டிக் கொடுத்துவிடுவாள்.

அதற்குள் சத்தியபாமா இன்னும் இரண்டு பெண்களோடு உள்ளே வந்து, இதென்ன ஒரு கோப்பை மட்டும் தனியே என்று கேட்டாள்.

"கமலினியின்ரை," என்றாள் விமலாதேவி. "ஆரின்ரையோ வீட்டிலை வேலைக்கு நிண்டு பழகின கைபோலை."

சத்தியபாமா கமலினியை மேலும் கீழும் பார்த்தாள். கோப்பையைத் தொடவில்லை. விமலாதேவிக்கு அப்போதுதான் மூச்சு வந்தது. இனி இந்தப் பெட்டை எதைச் சொன்னாலும் எடுபடாது.

கமலினி கோட்டை மாட்டிக்கொண்டு எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு புறப்பட்டாள். வாசலில் விமலாதேவிக்கு மட்டும் கேட்கும்படி பேசினாள்.

"அக்கா, உங்கடை அம்மாவோடைதான் அந்தக் குசினியிலை நாலு வருஷம் நிண்டனான். உங்களைப் பற்றி இஞ்சை ஒருத்தரிட்டையும் வாய் திறக்கக்கூடாதெண்டு சத்தியம் வாங்கிப்போட்டுத்தான் என்னை அனுப்பினவ."