கதவுத் தலையில் ரோஸ் கலர்

கதவு செய்த பாக்கியைக் கேட்டு வந்த தச்சுப் பட்டறைக்காரியிடம் லாட்ஜ்காரர் ஒரேயடியாகக் கையை விரித்துவிட்டார்.

"உங்க கதவு ஒண்ணுகூட என் வாசலுக்கு வரலம்மா. வந்திருந்தா கையெழுத்து இருக்கணுமே, எங்க?"

கையெழுத்து இல்லை. அதுதான் வினை. கதவுகளை இறக்கிய அன்று காவலாளி சாப்பிடப் போயிருந்தார். மழை வேறு இருட்டிக்கொண்டு வந்தது. அவள் கொழுந்தன் கதவுகளை உள்ளே சுவரோரம் சாய்த்துவிட்டு, கையெழுத்தை நாளைக்கு வாங்கிக்கொள்ளலாம் என்று வண்டியைத் திருப்பிவிட்டான். அந்த நாளை வரவே இல்லை. இப்போது அத்தனை அறைக்கும் கதவு மாட்டி, ஆட்களும் தங்கியாயிற்று. எல்லாம் வெளியூரில் வாங்கியவை என்று சாதிக்கிறார் மனிதர்.

புருஷன் கப்பல் வேலைக்குப் போனதிலிருந்து பட்டறையை இழுத்துப் பிடித்து நடத்துகிறவள் அவள். மரக்கடைக்காரர் கறாராகச் சொல்லிவிட்டார்: இந்த வாரத்துக்குள் பாக்கி வராவிட்டால் அறுப்பு மெஷினைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார். மெஷின் போனால் பட்டறை போன மாதிரிதான்.

"எல்லாம் என்னால வந்தது அண்ணி. என்னைச் செருப்பால அடிங்க" என்றான் கொழுந்தன்.

"அடிச்சா காசு வருமா? வரும்னா சொல்லு, ரெண்டா போடறேன்."

வியாபாரிகள் சங்கம் ஒரு நடுவரை அனுப்பியது. மூக்கு நுனியில் கண்ணாடி, வாயில் பாக்கு, எதற்கும் அவசரப்படாத மனிதர். லாட்ஜ் வாசலிலேயே நிறுத்திக் கேட்டார்.

"கதவுல உங்க பட்டறை முத்திரை ஏதாவது உண்டாம்மா?"

"முத்திரையெல்லாம் இல்லைங்க ஐயா."

லாட்ஜ்காரர் சிரித்தார். "வெள்ளைக் கதவு யாருகிட்டதான் இல்ல?"

அவளுக்கு முகம் சுண்டிப்போயிற்று. அந்நேரம் மாடியில் யாரோ அறையைச் சாத்தினார்கள். ஒரே தள்ளு, கதவு பூப்போலப் போய் உட்கார்ந்தது. இத்தனை நாள் அடைமழை. ஊரில் உள்ள கதவெல்லாம் ஊறிப் பருத்து, காலால் உதைத்தால்தான் சாத்த முடிகிறது. இது மட்டும் எப்படி?

அவளுக்குப் பொறி தட்டியது.

"ஐயா, உள்ள கால் வைக்கறதுக்கு முன்னாடியே சொல்லிடறேன். ஒரு நாற்காலி எடுத்துட்டு வரச் சொல்லுங்க. எந்தக் கதவா இருந்தாலும் மேல் விளிம்பைப் பாருங்க. ரோஸ் கலர் இருக்கும். நடுவுல ரோஸ் தீர்ந்துபோச்சு. மிச்சக் கதவுக்கெல்லாம் நீலம்."

"என்னம்மா இது, கதவுக்குத் தலைச்சாயமா?" என்றார் நடுவர்.

"அந்த விளிம்பை மொட்டையா விட்டா ஈரம் குடிக்கும் ஐயா. கண்ணுக்குத் தெரியாத இடந்தானேன்னு எங்க வீட்டுச் சுவருக்கு அடிச்ச பெயிண்ட் மிச்சத்தைப் பூசுவேன்."

கொழுந்தனுக்கு அப்போதுதான் உயிர் வந்தது. யாரும் பார்க்காத இடத்துக்கு எதற்குச் சாயம் என்று அவளை நித்தம் கேலி செய்தவன் அவன்தான். ஓடிப்போய் நாற்காலியைப் பிடித்துக்கொண்டான்.

நடுவர் முதல் கதவருகே நாற்காலியில் ஏறினார். ரோஸ். அடுத்ததும் ரோஸ். மாடியில் நீலம். லாட்ஜ்காரர் நம்பாமல் தானே ஒரு நாற்காலியில் ஏறினார். ஏறியவர் இறங்கவே இல்லை.

"இறங்குங்க சார். உங்க வெளியூர்க் கடைக்காரரும் இந்தம்மா வீட்டுச் சுவரைச் சுரண்டித்தான் பூசினாரா?" என்றார் நடுவர்.

வராந்தாவில் நின்று வேடிக்கை பார்த்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். லாட்ஜ்காரர் இறங்கிப்போய்ச் செக்குப் புத்தகத்தை எடுத்தார்.

"தேதியை இன்னிக்கே போடுங்க. அப்படியே ஒரு கையெழுத்து" என்றாள் பட்டறைக்காரி. "இந்தத் தடவை நாளைக்கு வாங்கிக்க மாட்டோம்."

மறுநாள் மரக்கடைக்காரர் கணக்கைத் தீர்த்துக்கொண்டு போன கையோடு மெஷின் உறுமத் தொடங்கியது. தெருவே காதைப் பொத்திக்கொண்டது. அவளுக்கோ அது தேனாகப் பாய்ந்தது. கொழுந்தன் புதுக் கதவொன்றைச் சாய்த்து வைத்துக்கொண்டு தூரிகையோடு கூவினான்:

"அண்ணி, தலைக்கு என்ன கலரு?"

"கண்ணைப் பறிக்கிற கலரா பார்த்துப் பூசுடா!"