வாயே திறக்காதவள்

குரல்காரி இந்த உலகத்தில் சம்பாதித்து வைத்திருந்தது ஒரே ஒரு வரி. "நீ போ... விடு... எனக்கு உன் நிழல் மட்டும் போதும்." இருபத்தாறு வருஷத்துக்கு முன்னால் வந்த படம். மாடிப்படியில் நாயகன் அவள் மணிக்கட்டைப் பிடித்து முறுக்குவான். நாயகி கண்ணீரோடு அதைச் சொல்வாள். முகம் நடிகையுடையது, குரல் இவளுடையது. முகத்துக்கு விருது கொடுத்தார்கள். குரலுக்கு வீட்டுக்குப் போக வண்டி கொடுத்தார்கள், அதுவும் பாதி வழியில் நின்றுவிட்டது.

ஆனாலும் அந்த வரி அவளை விடவில்லை. கல்யாண வீட்டில் கேட்டார்கள், பாங்க் வரிசையில் கேட்டார்கள். பல் டாக்டர் வாய்க்குள் கண்ணாடியை விட்டுக்கொண்டே, "அதை ஒரு தடவை சொல்லுங்களேன்" என்றார். வீட்டு முன்னறையில் அவள் நடத்திய குரல் பயிற்சி வகுப்பின் போர்டிலும் அதுதான்: நிழல் மட்டும் போதும். ஒருநாள் ஒருவர் அதைப் படித்துவிட்டு, "இங்க குடை ரிப்பேர் பண்ணுவீங்களா?" என்று வந்து நின்றார்.

"இந்தக் குரலை நம்பித்தான் உன்னைக் கட்டிக்கிட்டேன்" என்பார் புருஷன். "வீட்டுக்கு வந்து பார்த்தா வேற குரல் இருக்கு."

நடிகையின் கதையை ஊரே வாயில் போட்டு மென்றிருக்கிறது. அவளுக்குப் பதினேழு வயதாக இருக்கும்போது பெற்ற அம்மாவே வேறொரு நாட்டிலிருந்து கையைப் பிடித்துக் கூட்டிவந்து ஸ்டூடியோ வாசலில் விட்டாள். நாலு நாட்டுப் படங்களில் நடித்தாள், செட்டில் காதில் விழுந்த நாலு வார்த்தையைத் தவிர எந்த நாட்டு மொழியும் தெரியாமல். காமிரா முன்னால் அவள் சொன்னதெல்லாம் எண்கள். காதல் என்றால் ஒன்றிலிருந்து பத்து, அழுகை என்றால் இருபது வரை. பிறகு டப்பிங்கில் இவள் உட்கார்ந்து அந்த எண்களுக்கெல்லாம் உயிர் கொடுப்பாள். அப்புறம் மூன்று கல்யாணம். ஒவ்வொன்றும் ஒரு படப்பிடிப்பைவிடச் சீக்கிரம் பேக்கப் ஆனது. ஒரு தயாரிப்பாளரைச் செருப்பால் அடித்தாள். தூக்க மாத்திரை, ஆஸ்பத்திரி. குடிகாரி, பைத்தியம், ராசியில்லாதவள் என்று ஊர் பட்டம் கொடுத்தது. குரல்காரியும் தன் பங்குக்கு, பேட்டி எடுக்க வந்தவர்களிடமெல்லாம், "நான் பேசலைன்னா அவங்க வெறும் பொம்மை" என்று சிரித்துக்கொண்டே சொல்லிவந்தாள். சிரித்தால் அது அவதூறு ஆகாது என்று ஒரு நம்பிக்கை.

அன்று காலை வகுப்பில் ஆறு பேர் வரிசையாக உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தார்கள். பாடம் அழுகை.

"யாரு செத்தாங்க?" என்றது வாசலில் ஒரு கரகரத்த குரல்.

கறுப்புக் கண்ணாடி. கலைந்த முடி. கோணலாகச் சேர்ந்துபோன வலது மணிக்கட்டு. ஆறு பேரும் அழுகையை அந்தரத்தில் நிறுத்திவிட்டு வாயைப் பிளந்தார்கள். குரல்காரி அவர்களை மதியச் சாப்பாட்டுக்கு அனுப்பினாள். மணி பத்தே முக்கால்.

"வாங்க மேடம். உட்காருங்க. ஏழை வீட்டுச் சேர், உடைச்சிடாதீங்க."

"உடைக்கிற கை எப்பவோ உடைஞ்சு போச்சு. பயப்படாத."

குரல்காரி நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பேச்சு எங்கேயோ கேட்டமாதிரி இருந்தது. இழுத்து நிறுத்தும் இடம், கடைசிச் சொல்லைக் கீழே போடும் விதம், எல்லாம் இவளுடையது.

"நம்ம பாஷையை நல்லாவே பேசறீங்களே. யாரு சொல்லிக் குடுத்தது?"

"நீதான். ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டு என் படத்தையே போட்டுப் போட்டுப் பார்த்தேன். மூஞ்சி என்னோடது, பேச்சு உன்னோடது. இப்ப எனக்குக் கோபம் வந்தாகூட உன்னை மாதிரிதான் வருது. குமட்டுது."

"எனக்கும் அப்படித்தான் இருக்கு. வந்த விஷயத்தைச் சொல்லுங்க."

வந்த விஷயம் ஊருக்கே தெரிந்ததுதான். படத்தைப் புதுப்பித்து அடுத்த மாதம் மறுபடி வெளியிடுகிறார்கள். அந்தக் காட்சியில் தன் கை நிஜமாகவே ஒடிந்தது, ஒடிந்த பிறகும் டைரக்டர் நிறுத்தவில்லை என்று நடிகை பேட்டி கொடுத்திருந்தாள். டைரக்டர் பதில் பேட்டி கொடுத்தார்: "அந்தம்மா எங்கேயோ குடிச்சிட்டு விழுந்ததை என் தலையில கட்டறாங்க. செட்ல எண்பது பேர். வலிச்சிருந்தா வாயைத் திறந்து சொல்லியிருக்கலாமே? வாயே திறக்கல." வெள்ளிக்கிழமைக்குள் மன்னிப்புக் கேட்காவிட்டால் வழக்கு. ஒன்பது வருஷம் படமே இல்லாமல் இருந்த அவளுக்கு வேஷம் கொடுத்திருந்த வெளிநாட்டுக் கம்பெனியும், பொய் சொல்கிற நடிகை எதற்கு என்று இழுத்தடித்தது.

"நான் சொன்னேன்" என்றாள் நடிகை. "வாயைத் திறந்துதான் சொன்னேன். என்ன சொன்னேன்னுதான் ஞாபகம் இல்ல. வலியில மண்டை கலங்கிப்போச்சு. மூணு பேட்டியில மூணு விதமா சொல்லிட்டேன். வக்கீலே சிரிக்கிறான். ஆனா நீ கேட்டிருப்ப. செட்ல பதிவான சத்தத்தைக் காதுல மாட்டிக்கிட்டுத்தானே பேசுவ?"

அது உண்மை. படப்பிடிப்பில் ஏனோதானோவென்று பதிவாகும் கச்சா ஒலி ஒன்று உண்டு. டப்பிங் பேசுகிறவர்கள் அதைக் கேட்டுக்கொண்டே பேசுவார்கள். வேலை முடிந்ததும் அதை அழித்துவிடுவார்கள்.

"எனக்கு ஒண்ணும் ஞாபகம் இல்ல" என்றாள் குரல்காரி. "நீங்க வழக்கம்போல ஒண்ணு ரெண்டு மூணுன்னுதான் சொல்லியிருப்பீங்க."

நடிகை கண்ணாடியைக் கழற்றி, வாசல் சுவரில் மாட்டியிருந்த போர்டைக் கொஞ்சநேரம் பார்த்தாள்.

"என் கை ஒடிஞ்ச இடத்துல போர்டு மாட்டியிருக்க."

"உனக்கு விருது வாங்கிக் குடுத்த இடம்டி அது!" மரியாதை எப்போது போனதென்று குரல்காரிக்கே தெரியவில்லை. "மேடையில ஏறி பல்லைக் காட்டினியே, அந்தத் தொண்டைக்கு ஒரு நன்றி சொன்னியா?"

"பேசினா குரல் வேறன்னு தெரிஞ்சிடும், சிரிச்சிட்டு இறங்குன்னு உங்க டைரக்டர் சொன்னாரு. சிரிச்சிட்டு இறங்கினேன்." நடிகை எழுந்தாள். "நீ நல்லாயிரு. ஆறு பேருக்கு அழச் சொல்லிக் குடு. அடுத்தவ அழுததை அழிச்சிட்டு மேல எப்படித் தேன் தடவறதுன்னும் சொல்லிக் குடு."

கதவைச் சாத்திய வேகத்தில் போர்டு ஒருபக்கம் சாய்ந்தது.

உள்ளேயிருந்து புருஷன் வந்தார். "ரெண்டு பேர் சண்டை போட்ட மாதிரியே இல்ல. நீ ஒருத்தியே ரெண்டு பக்கமும் பேசின மாதிரி இருந்துச்சு. நிஜமாவே ஞாபகம் இல்லையா உனக்கு?"

"பால் தீர்ந்துபோச்சு. போய் வாங்கிட்டு வாங்க."

பால் இருந்தது. ஞாபகமும் இருந்தது. உதட்டசைவில் பேச்சு பிசகாமல் உட்காருவதற்காக அந்தக் காட்சியை அவள் நாற்பது தடவை ஓட்டிக் கேட்டிருக்கிறாள். அந்த ஒரு தடவை எண் இல்லை, செட்டில் பொறுக்கிய அந்த நாலு வார்த்தைதான். எழுதிக் கொடுத்த வசனம் அந்த வாய்க்குப் பொருந்தவில்லை. "காதுல வேற என்னமோ கேக்குது சார், அவங்க அழறாங்க" என்று அன்றைக்குச் சொன்னாள். அதே டைரக்டர், "அது நம்ம வேலை இல்லம்மா. உதடு மூடற இடத்துல 'ப', 'ம'ன்னு மூடற வார்த்தையை வை" என்றார். வைத்தாள். அப்படிப் பிறந்ததுதான் ஊரே கைதட்டிய வரி. இரண்டு நாள் சாப்பாடு இறங்கவில்லை. மூன்றாம் நாள் இறங்கியது. மனுஷ வயிறு அவ்வளவுதான்.

வியாழக்கிழமை அவளை டப்பிங் தியேட்டருக்குக் கூப்பிட்டார்கள். பழைய பிரதியில் அந்த ஒரு காட்சியின் ஒலி மட்டும் கெட்டுப்போயிருந்தது. திரும்பப் பேச வேண்டும். மெத்தை தைத்த சுவர், ஒரு மைக், ஒரு தண்ணீர் பாட்டில். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியர். அவன் பேசுவதே அபூர்வம் என்பதால் எல்லோரும் அவனைச் 'சவுண்டு' என்றே கூப்பிட்டார்கள். அவனுக்குப் பின்னால் சோபாவில், கழுத்தில் சால்வையோடு டைரக்டர். வயது எண்பதை நெருங்கியும் குரலில் அதிகாரம் குறையவில்லை.

"அப்ப இருந்த அதே தேன் வேணும்மா."

"தேன் இப்ப கொஞ்சம் பாகு பதத்துக்கு வந்திருக்கு சார். முயற்சி பண்றேன்."

படம் ஓடியது. துடைத்து எடுத்த புதுப் பிரதி. அந்தக் காலத்தில் புள்ளி புள்ளியாகத் தெரிந்ததெல்லாம் இப்போது பளிச்சென்று தெரிந்தது. நாயகனின் பிடிக்குக் கீழே நடிகையின் விரல்கள் வாடிய கீரை மாதிரி தொங்கின. காதில் மாட்டிய ஹெட்போனில் இந்தத் தடவை எந்தச் சத்தமும் இல்லை. அந்த அமைதியில்தான் எல்லாமே அவளுக்குக் கேட்டது. முதல் டேக் சொதப்பல். இரண்டாவது அதைவிடச் சொதப்பல்.

"அந்தக் கண்ணைப் பாரும்மா!" டைரக்டரின் குரல் ஸ்பீக்கரில் வந்தது. "நாலாவது டேக்லதான் அந்தக் கண்ணீர் கிடைச்சுது. மொத மூணுலயும் நடிச்சிக்கிட்டிருந்தா."

"நாலாவதுல?"

"நாலாவதுல நடிக்கல." அவர் சிரித்தார். "எனக்குக் கட் சொல்லவே மனசு வரல."

"அப்ப அவங்க ஏதாவது சொன்னாங்களா சார்?"

"எத்தனை தடவை சொல்றது? வாயே திறக்கல."

எதிரே திரையில், ஏழடி அகலத்தில், அந்த வாய் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தது.

குரல்காரி தண்ணீர் குடித்தாள். "டேக் போலாம் சார்."

படம் திரும்ப ஓடியது. மணிக்கட்டு முறுகியது. அவள் தேனை ஓரமாக வைத்துவிட்டு, நாற்பது தடவை கேட்டதை அப்படியே சொன்னாள்:

"கை போச்சு... விடு... எனக்குத் தாங்கல, அம்மா, போதும்."

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்த சவுண்டு, தொழில் பழக்கத்தில், தன்னை மறந்து வாயைத் திறந்தான்.

"பக்காவா உட்காருதுக்கா. பழசைவிட..." நாக்கைக் கடித்துக்கொண்டான்.

"என்னம்மா உளறுற?" டைரக்டர் எழுந்தே விட்டார்.

"நான் உளறல சார். அவங்க சொன்னது. நீங்களும் அன்னிக்கு அங்கதான் இருந்தீங்க."

"உன் வரிம்மா அது! உன் பொழைப்பே அதுலதான் ஓடுது. நீயே அதுல மண்ணை அள்ளிப் போடறியா?"

"போட்டாச்சு சார்."

"இனிமே எந்த மைக் முன்னாடியும் உன்னை நிக்க விட மாட்டேன்."

"நின்னா எனக்கும் முட்டி வலிக்குது சார்."

சவுண்டிடம், "அதை அழிடா" என்று கத்திவிட்டு, சால்வை தரையில் இழுபட அவர் வெளியே போனார். சவுண்டு, "சரி சார்" என்றான். அவன் கை மட்டும் மடியிலேயே இருந்தது.

"தியேட்டர் எதுவரைக்கும் நம்ம பேர்ல இருக்கு?" என்று கேட்டாள் குரல்காரி.

"இன்னும் ரெண்டு மணி நேரம் இருக்குக்கா."

குரல்காரி போன் போட்ட அரைமணியில் நடிகை வந்தாள், வீட்டுச் செருப்போடு. வந்ததும் வராததுமாக, "நீ வீட்டுல பொய் சொன்னேன்னு அப்பவே தெரியும்" என்றாள்.

"தெரிஞ்சா சரி. கேட்டுக்க." குரல்காரி வார்த்தைகளை ஒவ்வொன்றாகச் சொன்னாள். கடைசிக்கு முந்தின வார்த்தையில் நடிகையின் முகம் இறுகியது.

"பொய். அவளைக் கூப்பிட்டிருக்க மாட்டேன். என்னைக் கொண்டுவந்து தள்ளிவிட்டவளே அவதான். அன்னிக்கு செட்ல சேர்ல உட்கார்ந்து பின்னல் பின்னிக்கிட்டிருந்தா. அவளைப் போயா கூப்பிடுவேன்?"

"கூப்பிட்ட. நாற்பது தடவை கேட்டேன்."

"அவ திரும்பிப் பார்த்தாளா?"

"அது சத்தத்துல தெரியாதும்மா."

அந்த 'மா' எப்படி வந்ததென்று குரல்காரிக்கே புரியவில்லை. அதை மறைக்க, உடனே அதட்டினாள். "மைக் கிட்ட போ. நான் பேசினா நானே கட்டிவிட்ட கதைம்பான். உன் வாய், உன் குரல். நீயே சொல்லு."

குரல்காரி கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சவுண்டோடு உட்கார, நடிகை போய் நின்றாள். நாலு நாட்டுப் படங்களில் நடித்தவள் ஒரு டப்பிங் மைக் முன்னால் நிற்பது அதுதான் முதல் தடவை. படம் ஓடியது. சொன்னாள். தேனாக, இழுத்து, அழகாக.

"ஐயே, அது என்னோடது. அதை வெச்சிக்கிட்டு நான் என்ன பண்ண? உன்னோடதை எடு."

"என்னோடது கழுதைக் குரல்."

"ஒடிஞ்சது உன் கைதானே? கழுதையே கத்தட்டும்."

அடுத்த தடவை அந்தக் கரகரப்பு வந்தது. ஆனால் 'அம்மா' வரவேண்டிய இடத்தில் அவள் உதட்டை இறுக்கிக்கொண்டாள். திரையில் வாய் மட்டும் சத்தமில்லாமல் திறந்தது.

"ஒரு இடம் காலியா இருக்குக்கா" என்றான் சவுண்டு, தரையைப் பார்த்துக்கொண்டே.

"அதை விட்டா மீதி எதுவும் உட்காராது" என்றாள் குரல்காரி. "நாளைக்கு வக்கீல் முன்னாடி அந்த இடத்துலதான் பொய்யின்னு நிறுத்துவான். திரும்ப எடு."

"முடியாது."

"எடுடி."

"சொல்லிக்கிட்டே இருப்ப, எடுத்துக்கிட்டே இருக்கணுமா? உனக்கும் அவனுக்கும் என்ன வித்தியாசம், கிழவி?"

குரல்காரி கண்ணாடியைச் சுற்றிக்கொண்டு உள்ளே வந்து, மைக்குக்கு இந்தப் பக்கம், அந்தக் கோணல் கைக்குப் பக்கத்தில் நின்றாள்.

"நான் கட் சொல்வேன்" என்றாள்.

படம் ஓடியது. மாடிப்படி. பிடி. முறுக்கு. நடிகை, திரையில் இருந்த பத்தொன்பது வயதுப் பெண்ணின் வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள். "கை போச்சு... விடு... எனக்குத் தாங்கல..." பிறகு அது வந்தது, கழுதைக் குரலில், அறையே அதிரும்படி. "அம்மா, போதும்."

திரையில் காட்சி இன்னும் மிச்சமிருந்தது. அவன் பிடி இன்னும் தளரவில்லை.

"கட்" என்றாள் குரல்காரி.

சவுண்டு விளக்கைப் போட்டான். நடிகை கண்ணைத் துடைத்துக்கொண்டு திரும்பினாள்.

"சரியா உட்கார்ந்துச்சா?"

"ஒரு இம்மி லேட்டு" என்றாள் குரல்காரி, மூக்கை உறிஞ்சிக்கொண்டே. "பரவால்ல. விடு."